முகாம் மலையில், ஆபரேஷன் கீழே: நீலகிரியில் பார்வையிழப்பைத் தடுப்பது எப்படி நடக்கிறது?

கோத்தகிரி, கூடலூர், மஞ்சூர் என்று எங்கே இலவசக் கண் முகாம் நோட்டீஸ் ஒட்டினாலும் ஊரில் ஒரே மாதிரியான கேள்விகள்தான் கிளம்புகின்றன. கண்ணை இங்கே பார்த்துவிட்டு ஆபரேஷனுக்கு மட்டும் ஏன் வேனில் ஏற்றிக் கீழே கொண்டுபோகிறார்கள்? இலவசமாகப் போடும் லென்ஸ் நல்ல லென்ஸ்தானா? கண் டாக்டர் ஏன் சர்க்கரை, தட்டம்மை ஊசி, கீரை என்றெல்லாம் பேசுகிறார்? இதற்கு நடுவில், நாட்டில் பார்வையற்றோர் விகிதம் 1 சதவீதத்திலிருந்து 0.36 சதவீதமாகக் குறைந்துவிட்டது என்ற புள்ளிவிவரமும் செய்திகளில் அடிக்கடி வருகிறது. அப்படியானால் முகாமில் இன்னும் இவ்வளவு கூட்டம் ஏன்?

தமிழ்நாட்டில் பார்வையிழப்புத் தடுப்புக்கு இன்றிருக்கும் வடிவத்தைக் கொடுத்ததில் மதுரைக் கண் அறுவை மருத்துவர் கோவிந்தப்ப வெங்கடசாமிக்குப் பெரிய பங்கு உண்டு. அவர் வேலை செய்த விதத்தைத் தெரிந்துகொண்டால் மேலே உள்ள கேள்விகளில் பாதிக்கு விடை கிடைத்துவிடும். மீதிப் பாதிக்குக் குன்னூர் வரை போக வேண்டும்.

முதலில் சில அடிப்படைகள்

1. பார்வையின்மை. நல்ல கண்ணுக்கு 60 மீட்டரில் தெரியும் எழுத்து, ஒருவருக்கு 3 மீட்டர் பக்கத்தில் வந்தாலும் தெரியவில்லை என்றால் அவரைப் பார்வையற்றவர் என்று கணக்கிடுகிறார்கள். இரண்டு கண்ணில் எது தேவலையோ அதை வைத்துத்தான் இந்தக் கணக்கு. 2017 வரை இந்தியாவில் இந்த அளவு 6 மீட்டராக இருந்தது. உலக சுகாதார நிறுவனத்தின் அளவுகோலுக்கு இணையாக அதை 3 மீட்டராக மாற்றினார்கள். இதனால், 4 மீட்டரிலோ 5 மீட்டரிலோதான் எழுத்து தெரியும் என்ற நிலையில் இருக்கும் ஒரு பாட்டி பழைய கணக்கில் பார்வையற்றவர், புதிய கணக்கில் இல்லை. அவருடைய கண்ணில் எந்த மாற்றமும் நடக்கவில்லை.

1 சதவீதம், 0.36 சதவீதம் என்ற இரண்டு எண்களையும் பக்கத்தில் வைத்து ஒப்பிடக் கூடாது என்பது இதனால்தான். ஒரே அளவுகோலில் பார்க்க வேண்டுமானால் 50 வயதுக்கு மேற்பட்டவர்களை எடுத்துக்கொள்ளலாம். 3 மீட்டர் கணக்குப்படி 2006-07 ஆய்வில் அவர்களில் 3.6 சதவீதம் பேர் பார்வையற்றவர்கள். 2015-19 தேசிய ஆய்வில் அது 1.99 சதவீதம். கிட்டத்தட்டப் பாதியாகக் குறைந்திருக்கிறது. இது உண்மையான, பெரிய முன்னேற்றம். ஆனால் தலைப்புச் செய்தி சொல்லும் அளவுக்கு இல்லை.

2. கண்புரை. கண்ணுக்குள் இருக்கும் இயற்கையான லென்ஸ் வயதானால் ஆவி படிந்த கண்ணாடி போல மங்கிவிடுகிறது. 2015-19 ஆய்வில் 50 வயதுக்கு மேற்பட்டவர்களின் பார்வையின்மைக்கு மூன்றில் இரண்டு பங்கு காரணம் இதுதான். மங்கிய லென்ஸை எடுத்துவிட்டுச் செயற்கை லென்ஸ் வைத்தால் பார்வை திரும்பும். சொட்டு மருந்தால் கரையாது. "நல்லா முத்தட்டும், அப்புறம் பார்க்கலாம்" என்று காத்திருக்கவும் வேண்டாம். அந்தப் பேச்சு பழைய அறுவை முறைக்காலத்து மிச்சம். இப்போது ரொம்பவும் முற்றவிட்டால் அறுவைதான் சிக்கலாகும்.

3. கருவிழியில் பூ. கண்ணின் முன்பக்கத் தெளிவான படலத்தில் புண் வந்து, ஆறி, வெள்ளைத் தழும்பாக நிற்பது. இதைக் கண்புரையோடு போட்டுக் குழப்பிக்கொள்கிறவர்கள் நிறைய. பூ விழுந்த கண்ணுக்குக் கருவிழி மாற்று அறுவை வேண்டும். அதற்குத் தானமாகக் கிடைத்த கண் வேண்டும், மாற்றிய பிறகும் ஆண்டுக்கணக்கில் கவனிப்பு வேண்டும்.

4. கண் அழுத்த நோய். மருத்துவமனைகளில் க்ளாக்கோமா என்பார்கள். பெரும்பாலும் வலி இருக்காது. பார்வை ஓரத்திலிருந்து சுருங்கிக்கொண்டே வரும். போனது போனதுதான், மீதியைத்தான் காப்பாற்ற முடியும்.

5. சர்க்கரை நோயால் வரும் விழித்திரைப் பாதிப்பு. இதுவும் முற்றும்வரை வெளியே தெரியாது.

இந்தப் பட்டியலைச் சிகிச்சையின் பக்கத்திலிருந்து பார்த்தால் இரண்டாகப் பிரியும். கண்புரை தாமதமானாலும் பெரும்பாலும் மீட்கக்கூடியது. மற்ற மூன்றும் நேரத்தில் தடுத்தால்தான் உண்டு. அறுவை மருத்துவரின் திறமை முதல் வகைக்குப் போதும். இரண்டாம் வகைக்கு அவர் அறுவை அரங்கைவிட்டு வெளியே வந்தாக வேண்டும்.

வெங்கடசாமி செய்த கணக்கு

எட்டயபுரம் பக்கம் அயன் வடமலாபுரத்தில் 1918-இல் ஒரு விவசாயக் குடும்பத்தில் பிறந்தவர் வெங்கடசாமி. மதுரை அமெரிக்கன் கல்லூரியிலும் பிறகு சென்னை ஸ்டான்லி மருத்துவக் கல்லூரியிலும் படித்து 1944-இல் டாக்டரானார். உறவுப் பெண்கள் சிலர் பிரசவச் சிக்கலில் இறந்ததைப் பார்த்தவர் என்பதால் மகப்பேறு மருத்துவராக வேண்டும் என்றுதான் நினைத்திருந்தார். ராணுவ மருத்துவப் பணியில் இருந்தபோது முடக்குவாதம் தாக்கியது. நீண்ட நாள் படுக்கையில் கிடந்தார். விரல்கள் நிரந்தரமாகக் கோணிப்போயின. பிரசவம் பார்க்க அந்தக் கைகள் உதவாது என்று ஆனபிறகு கண் மருத்துவம் படித்து, கோணல் விரல்களுக்குத் தோதாகக் கருவிகளை அமைத்துக்கொண்டு கண்புரை அறுவையைக் கற்றார். வாழ்நாளில் 1 லட்சத்துக்கும் மேற்பட்ட கண்களுக்கு அறுவை செய்தார்.

இந்த எண்ணிக்கையைச் சொல்லி வியப்பதோடு பலரும் நிறுத்திவிடுகிறார்கள். என் பார்வையில் அவருடைய பெரிய சாதனை இதற்கு அடுத்த கட்டத்தில் இருக்கிறது. 1956 முதல் மதுரை அரசு மருத்துவமனையில் கண் பிரிவின் தலைவராக இருந்தபோது அவர் ஒன்றைக் கவனித்தார். அறுவைக்கு ஆகும் நேரம் சில நிமிடம். பார்வையை அளப்பது, அழுத்தம் பார்ப்பது, கண்ணைச் சுத்தம் செய்வது, கட்டுப்போடுவது, நோயாளிக்கு விளக்கிச் சொல்வது ஆகியவற்றுக்குத்தான் மீதி நேரமெல்லாம் போகிறது. இந்த வேலைகளுக்கு ஆள் பழக்கினால் அதே மருத்துவர் பல மடங்கு பேருக்குப் பார்வை தரலாம்.

1976-இல் 58 வயதில் அரசுப் பணியிலிருந்து ஓய்வுபெற்றதும் மதுரையில் 11 படுக்கைகளோடு அரவிந்த் கண் மருத்துவமனையைத் தொடங்கினார். அதில் 6 படுக்கை பணம் கட்ட முடியாதவர்களுக்கு. கிராமத்துப் பெண்களைத் தேர்ந்தெடுத்துக் கண் மருத்துவ உதவியாளர்களாகப் பயிற்சி கொடுத்தார்கள். அறுவை அரங்கில் இரண்டு மேசை போட்டு, ஒன்றில் மருத்துவர் அறுவை செய்யும்போதே அடுத்த மேசையில் அடுத்த நோயாளியைத் தயார் செய்து வைத்தார்கள். பணம் கட்டுகிறவர்களின் கட்டணத்தில் இலவசப் பிரிவும் நடந்தது. இரண்டு பிரிவிலும் அறுவை செய்வது அதே மருத்துவர்கள்தான். இலவசம் என்றால் தரம் குறைவோ என்ற சந்தேகத்துக்கு இந்த ஏற்பாட்டில்தான் விடை இருக்கிறது. அறையும் படுக்கையும் சாப்பாடும் மாறலாம், கண்ணுக்குள் நடக்கும் வேலை மாறக் கூடாது.

மத்திய அரசின் தேசியப் பார்வையிழப்புத் தடுப்புத் திட்டம் தொடங்கியதும் அதே 1976-இல்தான். அரசு ஒருபுறம், இது போன்ற தொண்டு மருத்துவமனைகள் ஒருபுறம் என்று இரண்டும் கைகோத்தபடிதான் தமிழ்நாட்டில் கண்புரை அறுவை வளர்ந்தது. 1994 முதல் 2002 வரை உலக வங்கி உதவியோடு ஏழு மாநிலங்களில் நடந்த கண்புரைத் திட்டத்திலும் தமிழ்நாடு இருந்தது.

ஆபரேஷனுக்கு ஏன் கீழே போக வேண்டும்?

முன்பெல்லாம் அறுவையும் ஊரிலேயே நடந்தது. பள்ளிக்கூடத்திலும் சத்திரத்திலும் மேசை போட்டு, வரிசையாகப் படுக்க வைத்து அறுவை செய்தார்கள். அன்றைய நிலையில் அதுதான் முடிந்தது, அதனால் பார்வை பெற்றவர்கள் ஏராளம். அந்த வழக்கம் மாறியதற்கு மூன்று காரணங்கள்.

ஒன்று, தொற்று. அறுவை செய்த கண்ணுக்குள் கிருமி புகுந்தால் ஒன்றிரண்டு நாளிலேயே கண் போய்விடலாம். ஒரே நாளில் ஒரே திரவத்தையோ ஒரே கருவித் தொகுதியையோ பலருக்குப் பயன்படுத்தும்போது அதில் கோளாறு இருந்தால் பாதிப்பும் கூட்டமாக வரும். காற்று, தண்ணீர், கருவிச் சுத்திகரிப்பு எல்லாவற்றையும் தினமும் சோதித்துப் பதிவு செய்கிற நிரந்தர அரங்கில்தான் இந்த அபாயத்தைக் கட்டுக்குள் வைக்க முடியும்.

இரண்டு, லென்ஸ். இதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். பழைய முறையில் மங்கிய லென்ஸை முழுதாக எடுத்துவிடுவார்கள், உள்ளே எதுவும் வைக்க மாட்டார்கள். அதற்கு ஈடாகச் சோடாபுட்டிக் கண்ணாடி. அந்தக் கண்ணாடி பொருட்களை ஏறக்குறைய நான்கில் ஒரு பங்கு பெரிதாகக் காட்டும், அதனால் எல்லாமே பக்கத்தில் இருப்பதாகத் தோன்றும். பார்வையைச் சுற்றி ஒரு வளையத்தில் ஒன்றுமே தெரியாது. சமவெளித் தெருவில் இதைப் பழகிக்கொள்ளலாம். கேத்திப் பள்ளத்தாக்கின் படிக்கட்டு வயல்களில் நடப்பதை நினைத்துப் பாருங்கள். வரப்பிலிருந்து கீழ் வரப்புக்குக் கால் வைக்க வேண்டும். கல் இருக்கும் இடம் ஒன்று, கண்ணில் தெரியும் இடம் இன்னொன்று. மழைக்காலத்தில் பாதை வழுக்கும். கண்ணாடி ஒருமுறை கீழே விழுந்து உடைந்தால், புதிதாக வாங்கும்வரை அந்த மனிதர் மறுபடியும் பார்வையற்றவர்தான்.

கண்ணுக்குள்ளேயே வைக்கும் செயற்கை லென்ஸ் இந்தத் துன்பத்தைத் தீர்த்தது. ஆனால் வெளிநாட்டிலிருந்து வந்த லென்ஸின் விலை ஏழைகளுக்கு எட்டவில்லை. 1992-இல் மதுரையில் ஆரோலேப் என்ற தயாரிப்பு நிறுவனத்தை அரவிந்த் தொடங்கியபிறகு லென்ஸ் விலை பத்தில் ஒரு பங்குக்கும் கீழே இறங்கியது. இலவச லென்ஸ் நல்ல லென்ஸா என்று கேட்பவர்கள் தெரிந்துகொள்ள வேண்டியது இது. விலை இறங்கியது உள்ளூரில் பெருமளவில் தயாரித்ததால். இந்த லென்ஸ்கள் பல வெளிநாடுகளுக்கும் போகின்றன. ஆனால் இதைப் பொருத்த நல்ல நுண்ணோக்கி வேண்டும், அறுவைக்கு முன்பே லென்ஸின் பவரை அளக்கும் கருவி வேண்டும். பள்ளிக்கூட வகுப்பறையில் இதெல்லாம் நடக்காது.

மூன்று, அடுத்த நாள் பரிசோதனை. இதற்கு நீண்ட விளக்கம் வேண்டாம். அறுவை செய்த மருத்துவரே மறுநாள் கண்ணைப் பார்க்க வேண்டும்.

ஆக, அவசியமானது நிரந்தர அரங்கு. அது கோயம்புத்தூரில்தான் இருக்க வேண்டும் என்று எந்த விதியும் இல்லை. ஊட்டியில் அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனை வந்துவிட்ட நிலையில், மாவட்டத்துக் கண்புரை நோயாளிகளில் பெரும்பகுதியை மலையிலேயே பார்த்துக்கொள்ளும் அளவுக்கு அதன் கண் பிரிவை வளர்க்கச் சொல்லிக் கேட்பது நியாயமான கோரிக்கை.

இலவசம் என்றாலும் செலவு உண்டு

வெங்கடசாமியும் அவருடன் இருந்தவர்களும் ஆரம்பத்திலேயே ஒரு பாடம் படித்தார்கள். அறுவை இலவசம் என்று சொல்லியும் பெரும்பாலானவர்கள் வரவில்லை. பஸ்ஸுக்குப் பணம், சாப்பாட்டுக்குப் பணம், தங்க இடம், திரும்பி வர வழி என்று ஒவ்வொன்றும் தடையாக நின்றது. இவற்றையும் மருத்துவமனையே ஏற்றுக்கொண்ட பிறகுதான் கூட்டம் வந்தது. முகாம் வேன் ஏன் ஊருக்கே வருகிறது என்பதற்கு இதுதான் காரணம்.

அதோடும் பிரச்சினை முடியவில்லை. மதுரைப் பகுதிக் கிராமங்களில் செய்து 1999-இல் வெளியான ஓர் ஆய்வில், கண் கோளாறு உள்ளவர்களில் 7 சதவீதத்துக்கும் குறைவானவர்களே முகாமுக்குப் போயிருந்தது தெரிந்தது. தமிழ்நாட்டிலேயே முகாம்கள் அதிகம் நடந்த பகுதியில் இந்த நிலை.

மலைக்கு வந்தால் தடைகள் கூடும். குந்தா பக்கம் ஒரு தேயிலைத் தோட்டக் குடியிருப்பில் 70 வயது அம்மா ஒருவர் இருக்கிறார் என்று வைத்துக்கொள்வோம். அவர் கீழே போய் அறுவை செய்துகொள்ள என்னென்ன வேண்டும்?

1. குடியிருப்பிலிருந்து மஞ்சூர் வரை வர வேண்டும். காலை பஸ்ஸை விட்டால் அடுத்த பஸ்ஸுக்குக் காத்திருக்க வேண்டும்.

2. துணைக்கு ஆள் வேண்டும். மருமகள் கொழுந்து பறிக்கப் போகிறார். அவர் கூட வந்தால் அத்தனை நாள் சம்பளம் போகும். கொழுந்து அதிகம் வரும் மாதங்களில் நஷ்டம் இன்னும் கூடுதல்.

3. ஐப்பசி, கார்த்திகையில் குன்னூர் மேட்டுப்பாளையம் சாலையில் மண் சரிந்தால் போக்குவரத்து நின்றுவிடும். மறுபரிசோதனைத் தேதி அந்த வாரத்தில் விழுந்தால் தேதி தவறும்.

4. வீட்டில் அனுமதி. "இந்த வயசுல அம்மாவுக்கு எதுக்கு ஆபரேஷன், நாங்கதான் பார்த்துக்கறோமே" என்று அன்போடுதான் சொல்கிறார்கள். பெண்களின் கண்புரை தாமதமாக வெளிச்சத்துக்கு வருவதில் இந்த அன்புக்கும் பங்கு உண்டு.

மருத்துவர் எவ்வளவு திறமைசாலியாக இருந்தாலும் இந்த நான்கில் ஒன்றைக்கூடக் கத்தியால் தீர்க்க முடியாது. பொதுச் சுகாதாரம் என்ற சொல்லுக்கு நடைமுறையில் அர்த்தம் இதுதான். நோயையும் சிகிச்சையையும் தாண்டி, இரண்டுக்கும் இடையிலிருக்கும் தூரத்தையும் சேர்த்துக் கணக்கில் எடுப்பது.

இந்தத் தூரத்தைக் குறைக்க வந்ததுதான் கண் பரிசோதனை மையம். சிற்றூரில் ஒரு அறை, ஒரு பரிசோதனைக் கருவி, பயிற்சி பெற்ற ஒரு பணியாளர். அவர் கண்ணைப் பார்த்துப் படம் எடுத்து அனுப்புவார். தூரத்து மருத்துவமனையில் இருக்கும் டாக்டர் வீடியோவில் நோயாளியிடம் பேசி முடிவு சொல்வார். பழனி மலைத்தொடரின் அடிவாரத்தில் தேனியை மையமாக வைத்து 2004-இல் அரவிந்த் இதைத் தொடங்கியபோது அங்கெல்லாம் நம்பகமான இணையம் இல்லை. கலிபோர்னியாவின் பெர்க்லி பல்கலைக்கழக ஆய்வாளர்களோடு சேர்ந்து கோபுரத்துக்குக் கோபுரம் நீண்டதூர வைஃபை இணைப்பு போட்டார்கள். முகாம் வருடத்தில் ஓரிரு நாள்தான் வரும், மையம் தினமும் திறந்திருக்கும். கண் அழுத்த நோய்க்கும் சர்க்கரைப் பாதிப்புக்கும் இந்தத் தினசரிக் கதவுதான் முக்கியம். முகாமில் ஒரே ஒருமுறை அழுத்தம் பார்த்து அனுப்புவதால் அந்த நோயாளிக்குப் பெரிய பயன் இல்லை.

கூடலூரில் 1990 முதல் இயங்கும் ஆதிவாசி மருத்துவமனையும் இன்னொரு திசையில் இதையே செய்திருக்கிறது. பணியர், குறும்பர், காட்டுநாயக்கர் சமூகங்களைச் சேர்ந்தவர்களையே சுகாதாரப் பணியாளர்களாகப் பயிற்றுவித்தார்கள். தெரிந்த முகம், தெரிந்த பாஷை என்றால் பாதித் தயக்கம் அங்கேயே போய்விடும்.

குன்னூர் ஆய்வகமும் குழந்தைகளின் கண்ணும்

கண் டாக்டர் ஏன் கீரையைப் பற்றிப் பேசுகிறார் என்ற கேள்விக்கு வருவோம்.

குன்னூர் பாஸ்டர் நிறுவனத்தில் 1918-இல் ஒற்றை அறையில் ராபர்ட் மெக்காரிசன் என்ற மருத்துவர் ஒரு ஆய்வைத் தொடங்கினார். நரம்பையும் இதயத்தையும் தாக்கும் பெரிபெரி நோய்க்குக் காரணம் தேடித் தொடங்கிய வேலை, சத்துக்குறைவால் வரும் நோய்கள் எல்லாவற்றுக்கும் விரிந்து, 1928-இல் ஊட்டச்சத்து ஆராய்ச்சிக் கூடமாக வளர்ந்தது. இந்தியாவின் பல பகுதி மக்கள் சாப்பிடும் உணவை எலிகளுக்குத் தனித்தனியாகக் கொடுத்து வளர்ச்சியை ஒப்பிட்டுப் பார்த்தார் மெக்காரிசன். அவருக்குப் பின் வந்த அய்க்ராய்ட் காலத்தில், 1937-இல், இந்திய உணவுப் பொருட்களின் சத்து அட்டவணை குன்னூரிலிருந்துதான் வெளிவந்தது. 1958-இல் கூடம் ஐதராபாத்துக்கு இடம்பெயர்ந்தது. இன்றைய தேசிய ஊட்டச்சத்து நிறுவனம் அதன் வாரிசுதான். சிம்ஸ் பூங்காவுக்குப் பக்கத்தில் இருக்கும் அந்த வளாகத்தைக் கடந்து போகிற நம்மவர்களில் எத்தனை பேருக்கு இது தெரியும்?

கண்ணுக்கும் இதற்கும் உள்ள தொடர்பு இப்படி:

1. மங்கிய வெளிச்சத்தில் பார்க்க விழித்திரைக்கு வைட்டமின் ஏ தேவை. அது குறைந்தால் முதலில் மாலைக்கண் வரும். குழந்தை சாயங்காலம் ஆனதும் தட்டுத் தடுமாறும், சாப்பாட்டுத் தட்டைத் துழாவும்.

2. அடுத்து வெண்விழியில் நுரை போன்ற திட்டுகள், கண் வறட்சி.

3. கடைசியில் கருவிழி மெழுகு போல உருகிக் குழைந்துவிடும். அந்தக் கண்ணைத் திரும்பப் பெற முடியாது.

சத்துக்குறைவான குழந்தைக்குத் தட்டம்மையோ தொடர் வயிற்றுப்போக்கோ வந்தால் உடலில் மீதமிருக்கும் வைட்டமின் ஏ-வும் வேகமாகத் தீர்ந்துபோய், மூன்றாம் கட்டம் சில நாட்களிலேயே வந்துவிடலாம். அதனால்தான் தட்டம்மைத் தடுப்பூசி கண்ணைக் காக்கும் ஊசியும் ஆகிறது. 9 மாதத்தில் அந்த ஊசியோடு 1 லட்சம் யூனிட் வைட்டமின் ஏ திரவம், பிறகு 5 வயது வரை 6 மாதத்துக்கு ஒருமுறை 2 லட்சம் யூனிட் என்று மொத்தம் 9 தவணை கொடுக்கிறார்கள். இந்தியாவில் இந்தத் திட்டம் 1970-இல் தொடங்கியது.

மதுரையில் வெங்கடசாமி 1970-களின் தொடக்கத்தில் வைட்டமின் ஏ குறைபாடுள்ள குழந்தைகளுக்காக ஊட்டச்சத்து மறுவாழ்வு மையம் அமைத்தார். அறுவை மருத்துவர் ஒருவர் சமையலறை பக்கம் போனது பலருக்குப் புரியாமல் இருந்திருக்கலாம். உருகிப்போன கருவிழிக்கு அறுவை மேசையில் செய்ய ஒன்றும் இல்லை என்பதைத் தினம் பார்த்தவருக்கு வேறு வழி தெரியவில்லை என்பதே என் புரிதல்.

நீலகிரிக்கு இது பழைய கதை ஆகிவிடவில்லை. கேரட் விளையும் மாவட்டம் இது, ஆனால் விளைச்சல் மேட்டுப்பாளையம் மண்டிக்கு இறங்கிவிடுகிறது. கேரட்டிலும் கீரையிலும் பப்பாளியிலும் இருக்கும் சத்து உடலில் சேர உணவில் கொஞ்சம் எண்ணெயோ நெய்யோ வேண்டும். ரேஷன் அரிசியும் ரசமும் மட்டுமே சாப்பிடும் வீட்டில் சத்தும் குறைவு, எண்ணெயும் குறைவு. அங்கன்வாடியில் கீரையும் முட்டையும் தவறாமல் கிடைப்பது, கண் மருத்துவத்தின் முதல் படி.

மலைக்கென்றே உள்ள சில விஷயங்கள்

புற ஊதாக் கதிர். ஒவ்வொரு 1,000 மீட்டர் ஏறும்போதும் இது 10 முதல் 12 சதவீதம் கூடுகிறது. ஊட்டி 2,240 மீட்டர் உயரம். குளிராக இருப்பதால் வெயில் உறைப்பதில்லை, ஆனால் கதிர் விழுகிறது. ஒருவகைக் கண்புரைக்கும், கருவிழி மேல் சதை வளர்வதற்கும் இதோடு தொடர்பு உண்டு. தோட்டத்தில் வேலை செய்பவர்களுக்கு அகல விளிம்புத் தொப்பி மலிவான பாதுகாப்பு.

கண்ணில் காயம். கவாத்து வெட்டும்போது தெறிக்கும் குச்சி, பறிக்கும்போது கீறும் கிளை, காற்றில் வரும் மண். மதுரை மாவட்டத்தில் 1990-களில் செய்த ஆய்வு, ஆண்டுக்கு லட்சம் பேரில் 113 பேருக்குக் கருவிழிப் புண் வருவதாகச் சொன்னது. இங்கே பூஞ்சைக் கிருமியால் வரும் புண்ணும் அதிகம், அதைக் குணப்படுத்துவது கடினம். நேபாளத்தின் பக்தபூரில் நடந்த ஆய்வு நம்பிக்கை தருகிறது. கருவிழியில் கீறல் விழுந்தவர்களுக்குக் கிராமப் பணியாளரே சாதாரண ஆன்டிபயாட்டிக் களிம்பை மூன்று நாள் போட்டார். 18 மணி நேரத்துக்குள் வந்த யாருக்கும் புண் வைக்கவில்லை. மிக மலிவான ஒரு டியூப் களிம்பு செய்த வேலை அது. இதற்கு மாறாக, தாய்ப்பால் விடுவதும், இலைச்சாறு பிழிவதும், மருந்துக்கடையில் கேட்டு ஸ்டீராய்டு கலந்த சொட்டு மருந்து போடுவதும் கீறலைப் புண்ணாக்கிவிடும். பூஞ்சைப் புண்ணில் ஸ்டீராய்டு விட்டால் கண்ணே போகலாம்.

சிக்கில் செல் நோய். இந்தியாவில் இது முதன்முதலில் பதிவானது 1952-இல், நீலகிரிப் பகுதிப் பழங்குடிகளிடம்தான். அரிவாள் வடிவில் வளையும் ரத்த அணுக்கள் விழித்திரையின் நுண் குழாய்களையும் அடைக்கும். 2023-இல் மத்திய அரசு தொடங்கிய சிக்கில் செல் ஒழிப்பு இயக்கத்தில் ரத்தப் பரிசோதனைக்குக் கொடுக்கும் கவனத்தில் ஒரு பங்கை விழித்திரைப் பரிசோதனைக்கும் கொடுக்க வேண்டும்.

அறுவைக்குப் பிறகு மலையேறலாமா? சாதாரணக் கண்புரை அறுவை என்றால் டாக்டர் அனுமதித்ததும் ஏறலாம். விழித்திரை கிழிந்து அதற்கு அறுவை செய்து கண்ணுக்குள் வாயு நிரப்பியிருந்தால் கண்டிப்பாகக் கூடாது. மேட்டுப்பாளையத்திலிருந்து ஊட்டிக்கு ஏறும்போது வெளிக்காற்றின் அழுத்தம் குறைவதால் உள்ளே இருக்கும் வாயு சுமார் நான்கில் ஒரு பங்கு விரியப் பார்க்கும். கண்ணுக்குள் அழுத்தம் தாறுமாறாக ஏறி நரம்பு செத்துவிடலாம். எந்த வாயு என்பதைப் பொறுத்து இரண்டு வாரம் முதல் இரண்டு மாதம் வரை கீழேயே இருக்க வேண்டிவரும். மலையில் வீடு இருக்கிறது என்பதை அறுவைக்கு முன்பே டாக்டரிடம் சொல்லிவிடுங்கள். வாயுவுக்குப் பதில் சிலிக்கான் எண்ணெய் வைக்கலாமா என்று அவர் யோசிப்பார்.

இன்னொரு குழப்பம். அறுவை முடிந்து ஓரிரு வருடத்தில் மறுபடி மங்கினால் புரை திரும்ப வளர்ந்துவிட்டது என்கிறார்கள். புரை திரும்ப வராது. லென்ஸுக்குப் பின்னால் விட்டுவைத்த மெல்லிய உறை தடித்திருக்கும். லேசரால் சில நிமிடத்தில் சரிசெய்யலாம்.

வெள்ளெழுத்தும் கொழுந்தும்

நாற்பது வயதுக்கு மேல் கிட்டப் பொருள் மங்குவதை யாரும் நோயாக எண்ணுவதில்லை. படிக்காதவருக்கு எதற்குக் கண்ணாடி என்று விட்டுவிடுகிறார்கள். அசாம் தேயிலைத் தோட்டத் தொழிலாளர்களிடம் நடத்தி 2018-இல் வெளியான ஆய்வில், வெள்ளெழுத்துக்குக் கண்ணாடி கொடுத்த குழுவின் பறிப்பு, கொடுக்காத குழுவைவிட 21.7 சதவீதம் கூடியது. இரண்டு இலை ஒரு மொட்டைப் பார்த்துப் பறிக்க வேண்டிய தொழிலில் இது ஆச்சரியமில்லை. டான்டீ என்னும் தமிழ்நாடு அரசுத் தேயிலை நிறுவனத்தின் தோட்டங்களிலும் சிறு விவசாயிகளிடமும் வேலை செய்யும் ஆயிரக்கணக்கான பெண்களுக்கு ஒரு மலிவான கண்ணாடி நேராகக் கூலியில் பிரதிபலிக்கும்.

முகாம் நடத்துகிறவர்களிடம் கேட்க வேண்டியவை

அடுத்த முறை உங்கள் ஊரில் முகாம் போடும்போது ஏற்பாட்டாளர்களிடம், அது சங்கமோ பஞ்சாயத்தோ மருத்துவமனையோ, இவற்றைக் கேளுங்கள்.

1. அறுவைக்குப் பிந்தைய பரிசோதனை எங்கே? ஒரு மாதம் கழித்துப் பார்ப்பதற்கு மறுபடி கோயம்புத்தூர்தான் என்றால் பலர் போக மாட்டார்கள். அதை மலையிலேயே வைக்க முடியும்.

2. வலி, சிவப்பு, திடீர் மங்கல் வந்தால் இரவில் யாரைக் கூப்பிட வேண்டும்? எண் எழுதிய சீட்டு கையில் இருக்க வேண்டும்.

3. முகாமில் அழுத்தம் அதிகம் என்று கண்டுபிடித்தவர்களின் பெயர்ப் பட்டியல் ஆரம்ப சுகாதார நிலையத்துக்குப் போகிறதா? அங்கே சொட்டு மருந்து இருப்பில் இருக்கிறதா?

4. தமிழ்நாடு அரசின் ‘மக்களைத் தேடி மருத்துவம்’ திட்டப் பணியாளர் சர்க்கரை மாத்திரையை வீட்டுக்கே கொண்டு வருகிறார். அந்தப் பட்டியலில் உள்ளவர்களுக்கு வருடம் ஒருமுறை விழித்திரைப் படம் எடுக்க ஏற்பாடு உண்டா?

5. முகாமுக்கு வராதவர்கள் யார்? வந்தவர்கள் எண்ணிக்கையைத்தான் எல்லோரும் அறிவிக்கிறார்கள். பாடி, பதி எனப்படும் பழங்குடிக் குடியிருப்புகள், தோட்டக் குடியிருப்பு என்று வீடு வீடாகப் போய் வராதவர்களின் பட்டியல் எடுத்தால், அடுத்த வேனை எந்த ஊருக்கு அனுப்ப வேண்டும் என்பது தெரிந்துவிடும்.